ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 பொது லாபி: ஹோஸ்ட் நாற்காலியிலிருந்து ஒரு விமர்சனம்

ஊர் கட்டி, படை திரட்டிப் போரிடுகிற கணினி விளையாட்டு ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2. அதன் டெஃபினிட்டிவ் எடிஷனில் முன்பின் தெரியாதவர்களோடு மோத முக்கியமாக இரண்டு வழி உண்டு. புள்ளிக்காக ஆடுகிற ரேங்க்டு வரிசையில் போய் நின்றால் கேமே ஆள் பிடித்துக் கொடுத்துவிடும். இன்னொன்று லாபி. நாமே ஓர் அறையைத் திறந்து, பெயர் வைத்து, விதிகளைப் போட்டு, யார் வருகிறார்கள் என்று பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். இந்த கேமைப் பற்றி எழுதுகிறவர்கள் முதல் வழியைத்தான் எழுதுகிறார்கள். யூடியூபில் ஓடுவதும் பெரும்பாலும் அதுதான். நான் இரண்டாவது வழிக்காரன். அதிலும் அடுத்தவர் அறையில் போய் உட்காருவதைவிட நானே ஹோஸ்ட் செய்வதுதான் பிடிக்கும். ஆகவே இது முழு கேமுக்கான விமர்சனம் இல்லை, லாபிக்கு மட்டும்.

தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். லாபி அருமையான வசதி, ஆனால் ஹோஸ்டிடம் நன்றாக வேலை வாங்கும். அறையைத் திறந்தால் போதும், மற்றது தானாக நடக்கும் என்று நினைப்பவர்களுக்கு இது சரிப்படாது.

என்னைப் பற்றி ஒரு வரி: இரண்டாயிரத்தின் தொடக்கத்தில் திருச்சியில் சின்னதாக ஒரு ப்ரவுசிங் சென்டர் வைத்திருந்தேன். ஈமெயில் பார்க்க வந்தவர்களைவிட லேனில் ஏஜ் ஆட வந்த கல்லூரிப் பையன்கள்தான் வாடகைக்கு வழி செய்தார்கள். அப்போது தொற்றிய பழக்கம் இன்னும் விடவில்லை. இப்போது வேறு வேலை, ராத்திரி ஒன்பதுக்கு மேல் கேம்.

லாபி ஏன் வேண்டும் என்று ரேங்க்டு ஆடுகிறவர்கள் கேட்பார்கள். ரேங்க்டில் மேப் பட்டியலை கேமை நடத்துகிறவர்கள் முடிவு செய்கிறார்கள். நாம் பிடிக்காததை நீக்கலாம், பிடித்ததைக் குறிக்கலாம், அவ்வளவுதான். எனக்கு பிளாக் ஃபாரஸ்ட் என்ற காட்டு மேப்பில் நாலுக்கு நாலு, முதல் அரை மணி நேரம் சண்டையில்லாமல், ஆளுக்கு 300 மக்கள்தொகையோடு ஆட வேண்டும் என்றால் வரிசையில் அது கிடைக்காது. மிச்சி, ஃபாரஸ்ட் நத்திங் மாதிரி காட்டுக்குள் மாட்டிக்கொள்கிற மேப்புகள், காஸில் பிளட் மாதிரி ஆட்டக்காரர்களே செய்த சினாரியோக்கள், நடுவிலேயே கூட்டணி மாறலாம் என்கிற டிப்ளமசி ஆட்டங்கள் எல்லாம் லாபியில்தான் உயிரோடு இருக்கின்றன. தோற்றால் ரேங்க்டு புள்ளியும் குறையாது. அந்தப் பயம் இல்லாததால்தான் லாபியில் ஆட்கள் வித்தியாசமாக எதையாவது முயன்று பார்க்கிறார்கள். உலக அதிசயம் கட்டி ஜெயிக்க முயல்கிறவரை ரேங்க்டில் எத்தனை முறை பார்த்திருக்கிறீர்கள்?

இதற்கு முன் பலரும் கூடி ஆடிய வூப்ளி என்ற தளத்தின் காலத்தில் இருந்தவர்களுக்கு ஒன்று ஞாபகம் இருக்கும். அங்கே புள்ளிக்கான ஆட்டமும் அறை வழியாகத்தான் நடக்கும், ஆளைத் தேர்ந்தெடுப்பது ஹோஸ்ட். 1800 வைத்திருப்பவர் 1600 ஒருவர் உள்ளே வரும்வரை பொறுமையாக உட்கார்ந்திருப்பார். மேப்பும் அவருக்குக் கைவந்த மேப்பாகவே இருக்கும். 2019 நவம்பரில் டெஃபினிட்டிவ் எடிஷன் வந்தபோது புள்ளியை அறையிலிருந்து பிரித்து, வரிசைக்கு மட்டும் கொடுத்துவிட்டார்கள். நிறையப் பேர் அப்போது திட்டினார்கள். எனக்கு அது சரியான முடிவு. ஹோஸ்டுக்கு இருந்த பெரிய சபலம் அதோடு போயிற்று. மிச்சமிருப்பது ஒரு நல்ல ஆட்டம் நடக்க வேண்டும் என்கிற ஆசை மட்டும்தான்.

ஹோஸ்ட் செய்வது முன்பு என்ன பாடு என்று இப்போது வருகிற பிள்ளைகளுக்குத் தெரியாது. பழைய பதிப்பு மைக்ரோசாஃப்டின் டைரக்ட்பிளே என்ற பழைய இணைப்பு முறையில் ஓடியது. இணையத்தில் ஹோஸ்ட் செய்ய ரூட்டருக்குள் போய் 47624 என்ற போர்ட்டையும், 2300 முதல் 2400 வரையிலான போர்ட்டுகளையும் திறந்துவிட வேண்டும். பிறகு ஐபி எண்ணை ஒவ்வொருவருக்கும் அனுப்ப வேண்டும். ஆள் கூட உதவிய எம்எஸ்என் கேமிங் சோன் 2006-ல் இந்த வேலையை நிறுத்திக்கொண்டது. அதன்பின் ஹமாச்சி, கேம்ரேஞ்சர் என்று ஆட்டக்காரர்களை இணைத்துவைக்கிற மென்பொருள்களை ஒவ்வொன்றாகப் பிடித்துத் தொங்கினோம். இன்றைக்கு என் வீட்டுக்கு இணையம் தருகிற கம்பெனி தெரு முழுக்க ஒரே பொது ஐபியைப் பகிர்ந்து கொடுக்கிறது. அந்தப் பழைய முறை இன்னும் இருந்திருந்தால் ரூட்டரில் எதைத் திறந்தும் பயனில்லை, நான் ஹோஸ்ட் செய்யவே முடியாது. டெஃபினிட்டிவ் எடிஷனில் எல்லாத் தகவலும் நடுவில் ஒரு சர்வர் வழியாகப் போய்வருகிறது. ஹோஸ்டின் வீட்டு ரூட்டருக்கு இதில் ஒரு வேலையும் இல்லை. இந்த ஒன்றுக்காகவே இந்தப் பதிப்புக்குக் கொடுத்த காசு தகும்.

அறை திறக்கும்போது எந்த சர்வர் என்று அதுவே ஒன்றைத் தேர்ந்து வைத்திருக்கும். அப்படியே விட்டுவிடாமல் யார் வரப்போகிறார்கள் என்று யோசித்துப் போடுங்கள். நம் ஊர், இலங்கை, வங்கதேசம் என்றால் இந்தியா. வியட்நாம், மலேசியா ஆட்களும் கலந்து வருவார்கள் என்றால் தென்கிழக்கு ஆசியா. நள்ளிரவுக்கு மேல் ஐரோப்பியர்கள்தான் அதிகம் என்பதால் நான் மேற்கு ஐரோப்பாவுக்கு மாற்றிவிடுவேன். எனக்குக் கொஞ்சம் தாமதம் கூடும், ஆனால் அறை நிரம்பும்.

எல்லா அமைப்புகளையும்விட முக்கியம் அறையின் பெயர். லாபிப் பட்டியலில் உங்களுக்குக் கிடைப்பது ஒரு வரி. அதைப் பார்த்துத்தான் ஒருவர் உள்ளே வருவதா வேண்டாமா என்று முடிவு செய்கிறார். 'பி எஃப் நாலுக்கு நாலு ஆயிரம் பிளஸ்' என்று போட்டால் பிளாக் ஃபாரஸ்ட், ஆயிரம் எலோவுக்கு (ஆட்டத்திறனைக் காட்டும் புள்ளி) மேல் என்று உலகத்தில் எந்த மூலையிலிருப்பவருக்கும் புரியும். 'வாங்க விளையாடலாம்' ரகப் பெயர்களுக்கு யாரும் வருவதில்லை. 'நூப் ஒன்லி' (கற்றுக்குட்டிகளுக்கு மட்டும்) என்று மட்டும் எப்போதும் போடாதீர்கள். அது புதியவர்களைவிட ஸ்மர்ஃப்களைத்தான், அதாவது குறைந்த புள்ளியில் ஒளிந்திருக்கிற கெட்டிக்காரர்களைத்தான், இழுக்கும். எலோ 800 காட்டுகிறவர் பத்தொன்பதாவது நிமிடத்தில் நைட்டுகளோடு உங்கள் மரவெட்டிகளிடம் வந்து நிற்பார். பதிலாக எலோ எல்லையை எண்ணாகவே பெயரில் எழுதுங்கள். விதியையும் பெயரிலேயே சொல்லிவிடுங்கள். உள்ளே வந்தபிறகு சொல்கிற விதியை யாரும் படிப்பதில்லை. எட்டுப் பேரில் மூன்று பேருக்கு சேட் பெட்டி இருக்கிறதே தெரியாது என்பது என் நெடுநாள் சந்தேகம்.

விதி என்றதும் 'நோ ரஷ் 30'. முப்பது நிமிடம் தாக்கக் கூடாது என்று வாய்ப்பேச்சில் வைத்துக்கொள்வார்கள். இருபத்தெட்டாவது நிமிடத்தில் ஒருவர் எதிரி வீட்டு வாசலில் காஸில் கட்டுவார். அது தாக்குதலா இல்லையா என்று சேட்டில் பஞ்சாயத்து ஓடும். இவ்வளவும் வேண்டாம், அமைப்புகளிலேயே ட்ரீட்டி என்று ஒன்று இருக்கிறது. நிமிடத்தைக் குறித்துவிட்டால் அதுவரை யாரும் யாரையும் அடிக்க முடியாது. அந்த நிமிடம் கேமின் கடிகாரத்தில், அது நம் கடிகாரம் இல்லை. சாதாரண வேகம் என்பதே 1.7 மடங்கு. முப்பது நிமிட ட்ரீட்டி நம் கைக்கடிகாரத்தில் 18 நிமிடத்துக்குள் முடிந்துவிடும். 'அரை மணி நேரம் நிம்மதியாகக் கட்டலாம்' என்று டீ போடப் போனவர்களுக்கு இது தெரியாமல் போய்விடுகிறது.

அடுத்தது லாக் டீம்ஸ். இதை டிக் செய்யாவிட்டால் ஆட்டத்தின் நடுவே எவரும் டிப்ளமசியை மாற்றி நண்பனை எதிரியாக்கலாம். தோற்கப்போகிறோம் என்று தெரிந்ததும் கட்சி மாறி, சொந்தக் கூட்டாளியின் வணிக வண்டிகளையே வெட்டியவரைப் பார்த்திருக்கிறேன். டிப்ளமசி ஆட்டம் என்று சொல்லித் திறந்தால் அது வேறு கதை, அங்கே துரோகம்தான் விளையாட்டே. மற்ற எல்லா அறையிலும் பூட்டிவிடுங்கள். டீம் டுகெதரையும் போடுங்கள். இல்லையென்றால் கூட்டாளி மேப்பின் எதிர்மூலையில் பிறந்து, உதவி போய்ச் சேருவதற்குள் கதை முடிந்திருக்கும்.

மக்கள்தொகை விஷயத்தில் கொஞ்சம் நின்று பேச வேண்டியிருக்கிறது. புதிய ஹோஸ்ட்கள் கை துறுதுறுவென்று 500-ல் போய் வைக்கிறார்கள். எட்டுப் பேர், ஆளுக்கு 500 என்றால் 4000 உருவங்கள். அதில் என்ன தப்பு, என் மெஷின் தாங்குமே என்றால், உங்கள் மெஷின் தாங்குவது பேச்சில்லை. இந்த கேமின் அடித்தளம் என்செம்பிள் ஸ்டூடியோஸ் 1997-ல் வெளியிட்ட முதல் பாகத்திலிருந்தே ஒன்றுதான். அன்றைக்கு 28.8 மோடத்தில், பென்டியம் 90 கணினியில் எட்டுப் பேர் ஆட வேண்டும் என்பது அவர்கள் இலக்கு. நூற்றுக்கணக்கான வீரர்கள் எங்கே நிற்கிறார்கள் என்பதை அந்தக் கம்பியில் அனுப்ப முடியாது. அதனால் கட்டளைகளை மட்டும் அனுப்பினார்கள். 'இந்த நாற்பது வில்லாளரும் அங்கே போக வேண்டும்' என்ற செய்தி மட்டும் போகும். எட்டுக் கணினியும் ஒரே போரை அச்சுப் பிசகாமல் தனித்தனியாகக் கணக்குப் போட்டு நடத்தும். எல்லாரும் ஒரே சுற்றில் இருக்க வேண்டும் என்பதால், ஒருவருடைய கணினி திணறினால் மற்ற ஏழு பேரும் அதற்காகக் காத்திருந்தே ஆக வேண்டும். எட்டுப் பேரில் ஒருவர் பழைய லேப்டாப்பில் இருப்பார், இதை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். அவர் வேகம்தான் அந்த ஆட்டத்தின் வேகம். ஆளுக்கு 200 என்றால் 1600, அது பெரும்பாலும் ஓடிவிடும். 300 என்றால் உள்ளே வருகிறவர்களிடம் மெஷின் எப்படி என்று நான் கேட்டுவிடுவேன். 500 எல்லாம் நாலு நண்பர்கள் வாட்ஸ்அப்பில் பேசிவைத்து ஆடுவதற்கு.

ஹோஸ்டிடம் மிச்சமிருக்கிற வேலை ஆட்களைக் கவனிப்பது. அதைப் பந்தி விசாரிக்கிறவர் வேலை என்றே சொல்லலாம்: இலை காலியாக இருக்கிறதா, யார் எழுந்து போகப் பார்க்கிறார், யாருக்கு என்ன குறை என்று கண் ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். ஆறு பேர் ரெடி கொடுத்து, ஏழாமவர் கொடுக்காமல் கிடப்பார். இந்த இடத்தில்தான் எல்லாரும் 14 என்று தட்ட ஆரம்பிப்பார்கள். எண்ணைத் தட்டினால் எல்லாருக்கும் கேட்கிற குரலுக்கு டாண்ட் என்று பெயர். 14-ஆம் எண் டாண்ட், 'சீக்கிரம் ஆட்டத்தை ஆரம்பியப்பா' என்று கத்துகிற குரல். இருபது வருடத்துக்கும் மேலாக ஹோஸ்ட்களின் காதில் விழுந்துகொண்டிருக்கிற வசை அது. நான் சேட்டில் இரண்டு முறை கூப்பிடுவேன், ஒரு நிமிடம் பொறுப்பேன், பிறகு கிக். இதில் இரக்கம் காட்டினால் ரெடியாக இருந்த ஆறு பேரில் மூன்று பேர் கிளம்பிவிடுவார்கள். அப்புறம் முதலிலிருந்து கூட்டம் சேர்க்க வேண்டும்.

டாண்ட் எண்களைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். என் அறைக்கு வருகிறவர்களில் ஸ்பானிஷ், போர்ச்சுகீஸ், வியட்நாமி பேசுகிறவர்கள் நிறைய. ஆங்கிலம் சுத்தமாக வராதவர்களும் உண்டு. ஆனால் 3 என்றால் உணவு கொடு, 4 மரம், 5 தங்கம், 6 கல் என்பது எல்லாருக்கும் தெரியும். 11 சிரிப்பு, 30 எதிரி வீரனை மதம் மாற்றுகிற துறவியின் 'வோலோலோ' மந்திரம். ஒரு முறை பெரு நாட்டுக்காரர் ஒருவரோடு ஒன்றரை மணி நேரம் கூட்டாளியாக ஆடினேன். எங்களுக்குள் நடந்த பேச்சு முழுக்க எண்களும், மேப்பில் தட்டுகிற ஃபிளேர் குறியும்தான். எதற்கும் குறை வரவில்லை. முப்பது வரைக்குமான டாண்ட் பட்டியலை ஹோஸ்ட் ஆகிறவர் மனப்பாடம் செய்துவிடுவது நல்லது.

டீம் பிரிப்பதில் ஒரு தொல்லை. பெயருக்குப் பக்கத்தில் தெரிகிற எண்ணை அப்படியே நம்ப முடியாது. லாபியிலேயே கிடப்பவர்கள் ரேங்க்டு பக்கம் போயே இருக்க மாட்டார்கள். பத்து வருட பிளாக் ஃபாரஸ்ட் அனுபவத்தோடு புதுமுகம் மாதிரி நிற்பார்கள். நான் எண்களைக் கூட்டிச் சமன் செய்துவிட்டு, எண்ணே இல்லாதவர்களை ஆளுக்கொரு பக்கம் போடுவேன். தோராயம்தான், வேறு வழி இல்லை.

ஓர் இடம் காலியாகவே இருந்தால் ஏஐயைப் போட்டு நிரப்பலாம் என்று தோன்றும். செய்யாதீர்கள். ஏஐ கூட்டாளி கிடைத்த அணி ஆட்டம் தொடங்குமுன்பே முணுமுணுக்க ஆரம்பித்துவிடும், பாதியில் ஒருவர் விட்டுவிட்டுப் போவார். ஆறு பேர் வந்தால் மூன்றுக்கு மூன்றாக மாற்றி உடனே ஆரம்பிப்பது எவ்வளவோ மேல். மேப்பின் அளவையும் ஒரு படி குறைத்துவிடுங்கள்.

2023 ஜனவரி கடைசியிலிருந்து எக்ஸ்பாக்ஸ் ஆட்களும் உண்டு. கன்ட்ரோலரில் இந்த கேமா என்று நானும் சிரித்தேன். கிராமத்தார்களை வேலைக்குப் பிரித்துவிட அவர்களுக்கென்று ஒரு தானியங்கி ஏற்பாடு இருக்கிறது, அதனால் காட்டு மேப்புகளில் சமாளித்துவிடுகிறார்கள். அரேபியா என்ற திறந்த மேப்பில் பாவம்தான்.

சரி, குறை. என் கணக்கில் பெரியது ஒன்றுதான்: ஓடுகிற ஆட்டத்திலிருந்து இணைப்பு அறுந்து வெளியே விழுந்தவர் திரும்ப உள்ளே வர வழியில்லை. மின்வெட்டோ, ரூட்டர் தூங்கிப்போனதோ, அவர் கதை அத்தோடு முடிந்தது. மூன்று பேராகிப்போன அணி அதற்குமேல் சிரத்தையாக ஆடாது. இதற்கு இருக்கிற ஒரே மருந்து, ஆட்டத்தைச் சேமித்து, எல்லாரும் வெளியே வந்து, ஹோஸ்ட் அதே ஆட்டத்தை மறுபடி லாபியில் திறந்து, அதே எட்டுப் பேரும் தத்தம் இடத்தில் வந்து உட்காருவது. நண்பர்களோடு என்றால் நடக்கும். பொது அறையில் எட்டில் ஐந்து பேர் திரும்பி வந்தால் அதிர்ஷ்டம். கட்டளையை மட்டும் அனுப்புகிற அந்தப் பழைய அடித்தளத்தில், நடுவில் வருகிறவருக்கு அதுவரை நடந்த போர் முழுவதையும் எப்படியாவது கொடுத்தாக வேண்டும். அது லேசான வேலை இல்லை என்பது புரிகிறது. ஆனால் 2013-ல் எச்டி பதிப்பு வந்த காலத்திலிருந்து நான் ஏங்குகிற வசதி இது.

யார் எந்த நாகரிகத்தை எடுப்பது என்பதை நான் கட்டுப்படுத்துவதில்லை, ஆனால் நான் எடுப்பது திராவிடர்களைத்தான். 2022 ஏப்ரலில் டைனஸ்டீஸ் ஆஃப் இந்தியா விரிவாக்கத்தில் வந்தார்கள். கூடவே ராஜேந்திர சோழனுக்கு ஒரு கதைத்தொடரும் வந்தது. உருமி வீசுகிற வீரனும், திரிசடைக் கப்பலும் அவர்களுக்கு மட்டும். கிராமத்தாரைத் தட்டினால் தமிழில் பதில் வரும். ஒவ்வொரு யுகம் ஏறும்போதும் 200 மரம் இலவசம், பாரக்ஸ் (காலாட்படை முகாம்) ஆராய்ச்சிகள் பாதி விலை. நைட் கிடையாது என்பதால் திறந்த மேப்பில் கூட்டாளிகள் முகம் சுளிப்பார்கள். பிளாக் ஃபாரஸ்டின் சந்துகளில் யாருக்கும் அந்தக் குதிரை தேவைப்படாது. யானை வில்லாளர்களும், கவசத்தை மதிக்காத வூட்ஸ் ஸ்டீல் வாளும் அங்கே போதும். ஹோஸ்டுக்கு மேப்பைத் தேர்ந்தெடுக்கிற உரிமை இருப்பதில் இதுவும் ஒரு சௌகரியம், மறைப்பானேன்.

புதிதாக ஹோஸ்ட் செய்ய நினைக்கிறவர்கள் நேரே நாலுக்கு நாலில் குதிக்க வேண்டாம். நாலு பேர் ஒரு பக்கம், எக்ஸ்ட்ரீம் ஏஐ நாலு எதிர்ப்பக்கம் என்று ஓர் அறையைப் பொதுவில் திறந்து பாருங்கள். பெயரில் அதைத் தெளிவாக எழுதிவிடுங்கள். அந்த மாதிரி அறைக்கு வருகிறவர்கள் பொறுமையானவர்கள். டீம் பிரிக்கிற சண்டையும் இல்லை. சனிக்கிழமை இரவு ஒன்பதரைக்கு, இந்திய சர்வரில், மக்கள்தொகை 200, சாதாரண வேகம், டீம் பூட்டு. மூன்று பேர் கிடைக்க அதிக நேரம் ஆகாது.